கடைசியில் வந்த ‘நான்’: ரிதி பானின் ஆவணப்படங்கள்

கம்போடிய இயக்குநர் ரிதி பான் தன் முதல் ஆவணப்படத்தை 1989இல் எடுத்தார். தன் குடும்பத்துக்கு நேர்ந்ததைப் படமாகச் சொன்னது 2013இல்தான். கெமர் ரூஜ் என்ற கம்யூனிஸ்ட் இயக்கத்தின் ஆட்சியில் தாயையும் தந்தையையும் நெருங்கிய உறவினர் பலரையும் பறிகொடுத்த ஒருவர், கையில் கேமரா வந்த பிறகும் ஏறக்குறைய கால் நூற்றாண்டுக்குத் தன் கதையைத் தள்ளியே வைத்திருந்தார். அந்தக் காலம் முழுக்க அவர் பிறர் பேசுவதைக் கேட்டுக்கொண்டிருந்தார். முகாமில் வாழ்ந்த ஓர் அகதிப் பெண், சிறையில் உயிர் தப்பிய ஓவியர், அதே சிறையின் காவலர்கள், கடைசியில் அந்தச் சிறையின் தலைவர் என்று அந்தப் பட்டியல் நீள்கிறது.

சொந்த வாழ்க்கையை ஆவணப்படமாக்குவது இன்று உலகெங்கும் பெருகியிருக்கிறது. கேமராவைத் தன் பக்கம் திருப்பிக்கொண்டால் உண்மை தானாக வந்துவிடும் என்ற நம்பிக்கை அவற்றில் பலவற்றுக்கு அடித்தளம். ரிதி பான் எதிர்த்திசையிலிருந்து வந்தவர். அவருடைய சொந்தக் கதை இத்தனை உறுதியாக நிற்பதற்கு அந்தத் தாமதமும், தாமதித்த காலத்தில் அவர் கற்றுக்கொண்ட முறைகளுமே காரணம் என்பது என் துணிபு. அந்த முறைகளை ஒவ்வொன்றாகப் பார்ப்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

1975 ஏப்ரல் 17 அன்று கெமர் ரூஜ் படை தலைநகர் நோம்பென்னுக்குள் நுழைந்தது. நகர மக்கள் அனைவரும், மருத்துவமனைப் படுக்கையில் கிடந்தவர்கள் உட்பட, கிராமப்புறங்களுக்கு விரட்டப்பட்டார்கள். பணம் ஒழிக்கப்பட்டது, பள்ளிகள் மூடப்பட்டன, புத்த பிக்குகள் துறவாடை களையுமாறு கட்டாயப்படுத்தப்பட்டார்கள், எல்லோருக்கும் கறுப்பு உடை, பொதுச் சமையல், வயல் வேலை, கால்வாய் வெட்டு. 1979 ஜனவரி 7 அன்று வியட்நாம் படை நோம்பென்னைக் கைப்பற்றும்வரை பட்டினியாலும் நோயாலும் கொலையாலும் செத்தவர்கள் 15 லட்சத்திலிருந்து 20 லட்சம் பேர் என்று மதிப்பிடுகிறார்கள். நாட்டின் மக்கள்தொகையே அப்போது 80 லட்சம் அளவில்தான் இருந்தது.

ரிதி பானின் தந்தை கல்வித் துறையில் உயர்பதவி வகித்தவர். மனிதர் உண்ணத் தகாத உணவை இனி உண்பதில்லை என்று முடிவெடுத்து, சாப்பிட மறுத்து இறந்தார். சிறுவன் ரிதி உயிர் தப்பி, தாய்லாந்து அகதி முகாம் வழியாகப் பிரான்ஸ் சேர்ந்தார். அங்கே தச்சு வேலை படிக்கப் போனவர், தற்செயலாகக் கைக்கு வந்த ஒரு வீடியோ கேமராவால் சினிமாவுக்குத் திரும்பி, பாரிஸின் திரைப்படக் கல்லூரியில் சேர்ந்தார்.

அவர் முதலில் தேர்ந்தது தாய்லாந்து எல்லையில் இருந்த ‘சைட் டூ’ முகாம். கம்போடிய அகதிகள் ஆண்டுக்கணக்கில் அடைபட்டுக் கிடந்த இடம். படத்தின் பெயரும் அதுவே. முகாமின் வரலாற்றை விளக்கும் பின்னணிக் குரல் அதில் இல்லை. ஒரு தாய் பேசுகிறாள். தண்ணீர், அரிசிப் பங்கீடு, பிள்ளைகள், விட்டுவந்த ஊர் என்று அவள் பேச்சு நகர்கிறது. அவள் பேச்சின் வேகத்தில் படமும் நகர்கிறது. அதே எல்லையில் தானும் அகதியாக இருந்தவர் என்ற தகுதியை இயக்குநர் எங்கும் முன்வைக்கவில்லை. ஒருவர் பேசும்போது குறுக்கே தன் துயரத்தைக் கொண்டுவராமல் இருப்பது எவ்வளவு கடினம் என்பது, இழப்பைச் சந்தித்த எவருக்கும் தெரியும். அந்தக் கட்டுப்பாடு அவருக்கு முதல் படத்திலேயே இருந்தது.

1996இல் வந்த ‘போஃபானா’ இன்னொரு வாசலைத் திறந்தது. ஹூட் போஃபானா என்ற இளம்பெண்ணும் அவள் கணவனும் எஸ்-21 சிறையில் கொல்லப்பட்டவர்கள். அவர்கள் ஒருவருக்கொருவர் எழுதிய காதல் கடிதங்கள், குற்றத்துக்கான சான்று என்ற பெயரில் சிறைக் கோப்பில் சேர்க்கப்பட்டிருந்தன. கடிதங்களில் அவள் தன்னைச் சீதை என்று எழுதிக் கையொப்பமிட்டிருக்கிறாள். இராமாயணத்தின் கெமர் வடிவமான ‘ரியாம்கே’ கதையின் சீதை அவள். கணவனைப் பிரிந்து, பகைவர் நடுவே காத்திருந்த பெண் தனக்கு எந்தப் பெயரைத் தேர்ந்தாள் என்பதைத் தமிழ் வாசகருக்கு விளக்க வேண்டியதில்லை. கொலைகாரர்கள் சேமித்த தாள்களிலிருந்தே கொல்லப்பட்டவளின் குரலை மீட்டெடுக்க முடியும் என்பதை அமெரிக்கப் பத்திரிகையாளர் எலிசபெத் பெக்கர் தன் நூலில் காட்டியிருந்தார். ரிதி பான் அதைத் திரையில் செய்தார்.

அந்தப் படப்பிடிப்பின்போது ஒரு சந்திப்பு நிகழ்ந்தது. எஸ்-21இலிருந்து உயிரோடு வந்த மிகச் சிலரில் ஒருவரான ஓவியர் வான் நாத்தும், அங்கே காவலராக இருந்த ஹிம் ஹூயும் நேருக்கு நேர் வந்துவிட்டார்கள். யாரும் ஏற்பாடு செய்த சந்திப்பல்ல. வான் நாத் கத்தவில்லை, அடிக்கப் பாயவில்லை. தான் நினைவிலிருந்து தீட்டிய சித்திரவதை ஓவியங்களின் முன் அந்த மனிதனை அழைத்துப்போய், ஒவ்வொன்றையும் காட்டி, இது நடந்ததா, நான் மிகைப்படுத்தியிருக்கிறேனா என்று கேட்டார். ரிதி பானின் அடுத்த பெரும் படம் முழுவதற்கும் இந்தக் கேள்வியே விதையாக இருந்தது. மன்னிப்பு, பழிவாங்கல் இரண்டுக்கும் முன்னால் நடந்ததை நடந்தது என்று ஒப்புக்கொள்வது இருக்கிறது. அந்த இடத்தைத் தாண்டி அவர் கேமரா அவசரப்பட்டு ஓடியதில்லை.

எஸ்-21 என்பது நோம்பென்னில் முன்பு உயர்நிலைப் பள்ளியாக இருந்த கட்டடம். வகுப்பறைகளைச் செங்கல் வைத்துத் தடுத்து அறைகளாக்கினார்கள். பெரிய கூடங்களில் கைதிகளை வரிசையாகத் தரையில் கிடத்தி இரும்புக் கம்பியில் கால்களைப் பூட்டினார்கள். 12,000 பேருக்கு மேல் அங்கே கொண்டுவரப்பட்டுக் கொல்லப்பட்டதாகப் பின்னாளில் தீர்ப்பாயம் கணக்கிட்டது. உள்ளே வந்தவர்களைப் புகைப்படம் எடுத்துக் கோப்பில் ஒட்டினார்கள். வான் நாத் தப்பியதற்குக் காரணம், கெமர் ரூஜ் தலைவர் போல் போட்டின் உருவப்படங்களை வரைய அவர் தேவைப்பட்டார் என்பதே.

2003இல் வெளிவந்த ‘எஸ்-21: கெமர் ரூஜ் கொலை எந்திரம்’ இந்தக் கட்டடத்துக்கே பழைய காவலர்களைத் திரும்ப அழைத்துவருகிறது. ஆனால் படம் கட்டடத்தில் தொடங்கிவிடவில்லை. தொடக்கத்தில் ஹூய் தன் கிராமத்து வீட்டில் பெற்றோருடன் உட்கார்ந்திருக்கிறார். செத்தவர்களுக்குச் சடங்கு செய்து பாவத்தைக் கழித்துவிடு என்று தாய் சொல்கிறாள். மகனோ தலை வலிக்கிறது, சாப்பாடு இறங்கவில்லை என்கிறார். கொலையில் பங்கெடுத்த ஒருவரை முதலில் ஒரு வீட்டின் பிள்ளையாகக் காட்டுவதை எத்தனையோ இயக்குநர்கள் தவிர்த்திருப்பார்கள், பார்ப்பவர்களுக்கு இரக்கம் வந்துவிடுமோ என்ற அச்சத்தில். ரிதி பான் அதைத் தவிர்க்கவில்லை. அவர் வீட்டைக் காட்டியதால் குற்றம் குறையவில்லை. செய்தவர் நம்மைப் போன்ற ஒருவர் என்பது மட்டும் தெளிவாகிறது, அதுதான் தாங்க முடியாதது.

படத்தின் உச்சம், தன் பதின்வயதில் அங்கே காவலுக்கு வைக்கப்பட்ட ஒருவர் வருமிடம். வாயால் விவரிக்கும்போது அவர் பேச்சு தடுமாறியது. சொற்றொடர்கள் பாதியில் நின்றன. கூடவே கைகள் தாமாக அசையத் தொடங்கின. இயக்குநர் அதைக் கவனித்தார். நாக்கு மறைப்பதை உடம்பு வைத்திருக்கிறது என்று புரிந்துகொண்டு, அவரை அதே கூடத்துக்கு அழைத்துப் போய் அன்றாடம் என்ன செய்தாய், செய்து காட்டு என்றார். காலிக் கூடத்தில் அந்த மனிதர் இல்லாத பூட்டைத் திறக்கிறார். இல்லாத கைதியை உட்காரச் சொல்லி அதட்டுகிறார். தண்ணீர் கேட்டவனைத் திட்டுகிறார். மலவாளியை எடுத்துக்கொண்டு போய் வருகிறார். கதவைச் சாத்தித் தாழிடுகிறார். 25 ஆண்டுகளுக்குப் பிறகும் எந்த அசைவிலும் தயக்கமில்லை. குரல் அன்றைய குரலாக மாறுகிறது. அந்த அறையில் யாருமே இல்லை என்பதைப் பார்க்கும் நாம் மறந்துவிடுகிறோம்.

அப்போது கேமரா எங்கே நிற்கிறது என்று கவனிக்க வேண்டும். காவலர் கூடத்துக்குள் நுழைந்து வரிசைகளுக்கு நடுவே நடக்கும்போது கேமரா பின்தொடரவில்லை. வாசலில் நின்றுவிடுகிறது. உள்ளே போயிருந்தால் தரையில் கிடக்கும் கைதிகளை மிதித்திருப்போம் என்று ரிதி பான் பின்னர் காரணம் சொன்னார். கால் நூற்றாண்டுக்கு முன் செத்துப்போனவர்கள், இப்போது வெறும் சிமெண்டுத் தரை. அவர்கள்மீது கால் படக் கூடாது என்று ஓர் இயக்குநர் ஒதுங்கி நிற்கிறார். மிதித்து நடந்தவனோடு சேர்ந்து நாமும் நடக்கக் கூடாது என்ற முடிவும் அதில் இருக்கிறது. ஆவணப்பட அறம் என்று பக்கம் பக்கமாக எழுதப்படுவதெல்லாம் இந்த ஒரு நிற்றலில் அடங்கியிருக்கிறது என்று எனக்குத் தோன்றுகிறது.

பிரெஞ்சு இயக்குநர் கிளோத் லான்ஸ்மன் 1985இல் முடித்த ‘ஷோவா’ இதற்கு முன்னோடி. யூத இனப்படுகொலை பற்றிய ஒன்பது மணி நேரத்துக்கும் மேற்பட்ட அந்தப் படத்தில் பழைய காட்சித் துண்டு ஒன்றுகூட இல்லை. முழுக்க வாய்மொழியும் இடங்களும். ரிதி பான் அத்தனை கடுமையான விலக்கு வைத்துக்கொள்ளவில்லை. ஜோஷுவா ஆப்பன்ஹைமரின் ‘தி ஆக்ட் ஆஃப் கில்லிங்’ (2012) படத்தில் இந்தோனேசியக் கொலையாளிகள் தங்கள் செயல்களை ஹாலிவுட் பாணியில் நடித்துக் காட்டுகிறார்கள். அங்கே அவர்கள் தண்டிக்கப்படாதவர்கள், பெருமை பேசுகிறவர்கள், ஒப்பனையோடு வருகிறவர்கள். எஸ்-21 காவலர்களுக்கு ஒப்பனை இல்லை, கதை இல்லை. பழைய வேலை நாள் ஒன்று மட்டும் இருக்கிறது. நடிக்கச் சொல்லும்போது மனிதன் தன்னை அழகுபடுத்திக்கொள்ள இடம் கிடைக்கிறது. வேலையைச் செய்து காட்டச் சொல்லும்போது அது கிடைப்பதில்லை. இந்த இரண்டில் இரண்டாவதையே நான் நம்புகிறேன்.

நாங்களும் பாதிக்கப்பட்டவர்களே, கட்டளையை மீறியிருந்தால் எங்களையும் கொன்றிருப்பார்கள் என்று காவலர்கள் சொல்கிறார்கள். நீங்கள் பாதிக்கப்பட்டவர்கள் என்றால் இங்கே செத்தவர்கள் யார் என்று வான் நாத் கேட்கிறார். குரல் உயரவே இல்லை. அந்தப் படத்தைப் பார்த்த பிறகு, கெமர் ரூஜ் அரசின் தலைவராக இருந்த கியூ சம்பான், அப்படி ஒரு சிறை அரசின் நிறுவனமாக இருந்தது என்பதை முதன்முறையாக வெளிப்படையாக ஒப்புக்கொண்டார். ஓர் ஆவணப்படத்துக்கு இதைவிடப் பெரிய விருது இல்லை.

சிறைத் தலைவர் டூச், அதாவது காங் கெக் இயேவ், கணித ஆசிரியராக இருந்தவர். ஐ.நா. ஆதரவோடு அமைந்த தீர்ப்பாயம் அவரை விசாரித்தபோது, சிறையில் அவரை ஏறத்தாழ 300 மணி நேரம் ரிதி பான் படம் பிடித்தார். ‘டூச்: நரகத்தின் பட்டறைத் தலைவன்’ 2011இல் வந்தது. மேசைக்குப் பின்னால் உட்கார்ந்து, தாள்களைப் புரட்டி, பிரெஞ்சுக் கவிதை சொல்லி, அடிக்கடி சிரிக்கும் ஒரு முதியவரை நாம் பார்க்கிறோம். தன் கையெழுத்துள்ள கொலை ஆணையைப் பார்த்தும் அவர் நெளிவதோடு சரி. படம் அவரைத் தனியாகப் பேசவிட்டுவிட்டு, நடுநடுவே காவலர்களின் சாட்சியத்தையும் பழைய காட்சிகளையும் எதிரில் வைக்கிறது. இயக்குநர் வாதிடுவதில்லை.

ஆனால் டூச்சின் அந்தச் சிரிப்பு ரிதி பானைச் சும்மா விடவில்லை. இத்தனை ஆண்டுகள் அடக்கிவைத்திருந்த சொந்த நினைவுகள் அப்போதுதான் உடைந்து வந்தன. பிரெஞ்சு எழுத்தாளர் கிறிஸ்தோஃப் பத்தாயுடன் சேர்ந்து 2012இல் அவர் வெளியிட்ட ‘ஒழிப்பு’ என்ற நூலில், டூச்சுடனான உரையாடலும் சிறுவனாகத் தான் கண்டதும் மாறி மாறி வருகின்றன. அடுத்த ஆண்டு ‘காணாமல் போன படம்’ வந்தது. தன்னைப் பற்றிப் பேச வேண்டும் என்ற ஆசையால் இந்த ‘நான்’ பிறக்கவில்லை. ஒரு பொய்யர் நேருக்கு நேர் உட்கார்ந்து வரலாற்றைத் தனக்கு ஏற்றபடி வளைத்தபோது, அதற்கு எதிர்ச்சாட்சியாகப் பிறந்தது. அந்தப் படத்தில் சுயஇரக்கம் ஒரு துளிகூட இல்லாததற்கு இதுவே காரணம்.

படத்தின் தலைப்பு எதைக் குறிக்கிறது? கெமர் ரூஜ் ஆட்சியில் படங்களுக்குப் பஞ்சமில்லை. கூடை சுமந்து வரிசையாக ஓடும் ஆயிரக்கணக்கான மக்கள், எழும்பும் அணைகள், கைதட்டும் தலைவர்கள் என்று பிரச்சாரச் சுருள்கள் கிடைக்கின்றன. எஸ்-21இன் புகைப்படக் கோப்புகள் கிடைக்கின்றன. எல்லாமே ஆண்டவர்கள் எடுத்தவை. பட்டினியில் சுருண்ட பிள்ளையை, தகப்பன் செத்த இரவை யாரும் எடுக்கவில்லை. பிரச்சாரச் சுருள்களை ரிதி பான் ஒதுக்கவில்லை. திரும்பத் திரும்ப ஓடவிட்டு, கூடை சுமப்பவர்களின் நடையில் தெரியும் களைப்பையும் மெலிந்த முகங்களையும் சுட்டிக்காட்டுகிறார். பொய் சொல்ல எடுத்த படத்துக்குள்ளும் உண்மை ஒட்டிக்கொண்டிருக்கும் என்பதே அவர் வாசிப்பு. அப்படிப்பட்ட உண்மையை எடுத்ததற்காகவே கெமர் ரூஜ் ஒளிப்பதிவாளர் ஒருவர் கொல்லப்பட்டதையும் படம் சொல்கிறது.

இல்லாத படத்துக்கு என்ன செய்வது? நடிகர்களை வைத்து மறுபடி நடித்துக் காட்டுவது வழக்கமான வழி. ரிதி பான் களிமண்ணைத் தேர்ந்தார். தன் பழைய வீட்டை மாதிரியாகக் கட்டிப் பார்க்கலாம் என்று தொடங்கிய வேலையில், சரித் மங் என்ற இளம் சிற்பி செய்த சிறு மனித உருவம் படத்தின் போக்கையே மாற்றிவிட்டது. நம் நவராத்திரிக் கொலுவில் இடம்பெறும் சிறு பொம்மைகளின் அளவில் நூற்றுக்கணக்கான உருவங்கள்: அம்மா, அப்பா, அக்காமார், அண்டைவீட்டார், துப்பாக்கி ஏந்திய சிறுவர்கள். படத்தின் தொடக்கத்தில் ஒரு கை களிமண்ணைச் செதுக்குகிறது. வெள்ளை உடை, கருநிற டை தீட்டுகிறது. அது தந்தை.

இந்தப் பொம்மைகள் அசைவதில்லை. கணினி வித்தையால் அவற்றை நடக்கவைத்திருக்கலாம், அவர் மறுத்தார். கேமராவே அவற்றைச் சுற்றி நகர்கிறது, அருகே போகிறது, விலகுகிறது. அசையாதது என்பதால் இது அன்று நடந்ததன் படம் இல்லை, நினைவிலிருந்து பிடிக்கப்பட்டது என்பது ஒரு கணமும் மறைவதில்லை. பார்ப்பவரை ஏமாற்றாத புனைவு இது. எல்லோரும் கறுப்பு உடைக்கு மாறிய பிறகும் சிறுவன் பொம்மை மட்டும் வண்ணப் புள்ளிச் சட்டையோடு நிற்கிறது. கூட்டத்தில் எங்கே இருந்தாலும் அவனைக் கண் தேடிப் பிடித்துவிடுகிறது. அரசு அழிக்க முயன்ற தனி மனிதன் அந்தச் சட்டையில் மிஞ்சியிருக்கிறான்.

பசியால் மாங்காய் பறித்த தாயை அவளுடைய ஒன்பது வயது மகனே காட்டிக்கொடுக்கும் நிகழ்ச்சி படத்தில் வருகிறது. அவளைக் காட்டுக்குள் கூட்டிப்போகிறார்கள். களிமண் முகங்களில் எந்த மாற்றமும் இல்லை. பின்னணிக் குரல் சமநிலையில் சொல்லிக்கொண்டே போகிறது. ஒரு குழந்தை நடிகனை அழவைத்து எடுத்திருந்தால் நாம் அந்த அழுகையில் நம் துக்கத்தைக் கரைத்துவிட்டுப் போயிருப்போம். தந்தை இறந்த இரவில் தாய், முறைப்படி அவருக்கு நடந்திருக்க வேண்டிய இறுதிச் சடங்கை ஒவ்வொரு கட்டமாக வாயால் சொல்கிறாள். பிணத்துக்கு மரியாதை செய்ய வழியில்லாத இடத்தில் பேச்சே சடங்காகிறது. ரிதி பான் கதை சொல்லும் கலையை எங்கே கற்றார் என்று கேட்டால், அந்த இரவில் என்றுதான் சொல்வேன்.

படத்தில் ‘நான்’ என்று பேசும் குரல் ரிதி பானுடையது அல்ல என்பதையும் சொல்ல வேண்டும். பிரெஞ்சில் ராந்தால் டூக் என்ற நடிகர் பேசுகிறார். சொற்களை எழுதித் தந்தவர் பத்தாய். தன் வாழ்வின் மிக நெருக்கமான பகுதியை இன்னொருவர் எழுத்திலும் இன்னொருவர் குரலிலும் ஒப்படைத்திருக்கிறார். நம்பகத்தன்மை குறையாதா என்று கேட்கலாம். எனக்கு அது கூடுவதாகவே படுகிறது. சைட் டூ முகாமில் அந்தத் தாயிடமிருந்தும், எஸ்-21 வாசலில் காவலரிடமிருந்தும் அவர் காத்த இடைவெளியை இப்போது தன்னிடமிருந்தே காக்கிறார். கான் விழாவில் ‘அன் சர்தெய்ன் ரெகார்’ பிரிவின் முதல் பரிசை 2013இல் பெற்ற இந்தப் படம், ஆஸ்கர் இறுதிப் பட்டியலில் இடம்பிடித்த முதல் கம்போடியப் படமுமாயிற்று.

பின்னர் வந்தவை எல்லாம் இந்த உயரத்தில் இல்லை. ‘நாடுகடத்தல்’ (2016) உருவகங்களின் பாரத்தில் தளர்கிறது. திரையை மூன்றாகப் பிரித்து இருபதாம் நூற்றாண்டின் அழிவுக் காட்சிகளை அடுக்கும் ‘கதிர்வீச்சு’ (2020) பெர்லினில் ஆவணப்பட விருது பெற்றது. ஆனால் ஒரே ஒரு மனிதர் பேசி முடிக்கும்வரை காத்திருந்த பழைய பொறுமை அதில் இல்லை. 2024இன் ‘போல் போட்டுடன் சந்திப்பு’ கதைப்படத்தில் களிமண் பொம்மைகள் திரும்ப வருகின்றன. தேவையிலிருந்து பிறந்த வடிவம் அங்கே ஒரு முத்திரையாக மாறிவிட்டது. இவற்றுக்கு நடுவே ‘பெயரற்ற கல்லறைகள்’ (2018) மட்டும் விதிவிலக்கு. தன் குடும்பத்தார் புதைந்த இடத்தைத் தேடி, தலை மழித்து, சடங்குகளில் அவரே உட்காருகிறார். அந்தப் படத்திலும் நீண்ட நேரம் பேசுகிறவர்கள் அவ்வூரின் வயதான விவசாயிகள்.

இந்தப் படங்களுக்கு வெளியே அவர் செய்த ஒரு வேலை இந்த முறையின் நேர்த்தொடர்ச்சி. சிதறிக்கிடந்த கம்போடியப் படச்சுருள்கள், ஒலிப்பதிவுகள், புகைப்படங்களைத் திரட்டி எவரும் கட்டணமின்றிப் பார்க்கும்படி, 2006இல் நோம்பென்னில் ஓர் ஒலி-ஒளி ஆவண மையத்தைத் தொடங்கினார். இளம் கம்போடியர்களுக்குப் படமெடுக்கவும் அங்கே பயிற்சி தருகிறார்கள். மையத்துக்கு அவர் தன் பெயரையோ தந்தையின் பெயரையோ வைக்கவில்லை. அது போஃபானா மையம்.

தன் வாழ்க்கையைப் படமாக்கத் துடிக்கும் தமிழ் இளைஞர்கள் இந்தப் படங்களைத் தேடிப் பார்க்க வேண்டும். ‘காணாமல் போன படம்’தான் எளிதாகக் கிடைக்கிறது, அதுவே முதலில் பார்க்கவும் தோன்றும். தயவுசெய்து ‘எஸ்-21’இலிருந்து தொடங்குங்கள். பிறகு ‘டூச்’. களிமண் பொம்மைகளுக்கு அதற்கடுத்துப் போங்கள்.